நவம்பர் 9: களவாடப்பட்ட ஒரு பிறந்த நாள்

நாளிதழ்களில் ‘வரலாற்றில் இன்று’ என்று ஒரு சிறு கட்டம் வரும். ஓர் அரசர் முடிசூடினார், ஒரு பாலம் திறக்கப்பட்டது, ஒரு விஞ்ஞானி பிறந்தார் என்று நாலைந்து வரிகள் இருக்கும். ஒன்றுக்கும் மற்றொன்றுக்கும் ஒட்டும் இருக்காது, உறவும் இருக்காது. வருஷத்துக்கு 365 நாள்தான். உலகத்தில் நடந்ததையெல்லாம் அதற்குள் அடைத்தால் எந்த நாளிலும் சில பெரிய விஷயங்கள் விழத்தான் செய்யும். அதனால் ஒரே தேதியில் நடந்தவை என்று யாராவது பட்டியல் போட்டால் நான் பொதுவாக நின்று படிப்பதில்லை.

ஜெர்மனியின் நவம்பர் 9 மட்டும் என்னை விடமாட்டேன் என்கிறது.

1848ல் அந்தத் தேதியில் ஜெர்மன் மக்களாட்சி இயக்கத்தின் தலைவர் ஒருவரை வியன்னாவில் சுட்டுக் கொன்றார்கள். 1918ல் பேரரசரின் ஆட்சி முடிந்து குடியரசு அறிவிக்கப்பட்டது. 1923ல் ஹிட்லரின் முதல் ஆட்சிக் கவிழ்ப்பு முயற்சி மியூனிக் தெருவில் துப்பாக்கிச் சூட்டோடு முடிந்தது. 1938ல் நாடு முழுக்க யூதர்களின் வழிபாட்டுக்கூடங்கள் எரிந்தன. 1989ல் நகரத்தைக் கிழக்கு, மேற்கு என்று பிரித்து நின்ற பெர்லின் சுவர் திறந்தது. எல்லாமே நவம்பர் 9. இங்கே பலரும் இதை விதியின் நாள் என்றுதான் சொல்கிறார்கள்.

பெர்லினில் குடியேறியதிலிருந்து இந்த நாளைப் பற்றிக் கிடைப்பதையெல்லாம் படித்து வருகிறேன். விதிக்கு இதில் பெரிய பங்கு இல்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. முதலாவதும் கடைசியும் தற்செயல். நடுவில் இருக்கும் மூன்றும் அப்படியில்லை. ஒன்றிலிருந்து ஒன்று பிறந்தவை. 1918ல் அது ஒரு நல்ல நாளாகத்தான் தொடங்கியது. அந்தக் குடியரசை வெறுத்தவர்கள் அதன் பிறந்த நாளைப் பிடுங்கித் தங்கள் திருவிழாவாக்கிக்கொண்டார்கள். அந்தத் திருவிழாவின் இரவில்தான் வழிபாட்டுக்கூடங்கள் எரிந்தன. ஒவ்வொரு நவம்பரிலும் இங்கே தொலைக்காட்சியில் சுவரைக் காட்டுகிறார்கள், 1938க்கு அஞ்சலி செலுத்துகிறார்கள். இரண்டும் நிச்சயம் வேண்டியவை. 1918க்கு மட்டும் பெரும்பாலும் ஒரு வரிதான். இந்தக் கட்டுரையை எழுத வைத்தது அந்த ஒரு வரிதான்.

முதலில் 1848ஐச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ராபர்ட் ப்ளூம் 1807ல் கொலோன் நகரில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். லைப்ஸிக் நாடக அரங்கில் வேலை பார்த்துக்கொண்டே தானாகப் படித்து, எழுதி, பதிப்பாளரானவர். 1848 புரட்சியில் ஃபிராங்ஃபர்ட்டில் கூடிய நாடாளுமன்றத்தில் இடதுசாரிகளின் முக்கியத் தலைவர். அக்டோபரில் வியன்னா மக்கள் எழுந்தபோது அவர்களுக்கு வாழ்த்துச் சொல்லப் போன குழுவில் அவரும் இருந்தார். வாழ்த்திவிட்டுத் திரும்பாமல் தடுப்பரண்களில் நின்று சண்டையிட்டார். ஆஸ்திரியப் பேரரசின் படை நகரத்தைப் பிடித்ததும் அவரையும் பிடித்தது. நாடாளுமன்ற உறுப்பினருக்கு உரிய பாதுகாப்பு எதுவும் எடுபடவில்லை. நவம்பர் 8 மாலை விசாரணை, 9 காலை துப்பாக்கி முன். சாவதற்கு முன் மனைவிக்கு எழுதிய கடிதத்தில், நித்தியம் என்று சொல்லப்படுகிற, ஆனால் நித்தியமாக இருக்கப்போகாத அந்தக் காலத்துக்கு விடைபெறுகிறேன் என்று எழுதினார். 70 ஆண்டுகள் கழித்து அதே தேதியில் குடியரசு வந்தது அவருக்காக யாரும் திட்டமிட்டதால் அல்ல. தேதி அப்படி அமைந்துவிட்டது.

இப்போது 1918. அந்தச் சனிக்கிழமையை மணிவாரியாகப் படித்தால் மூச்சு முட்டும்.

போர் நான்கு ஆண்டுகளைத் தாண்டிவிட்டது. இருபது லட்சத்துக்கும் மேற்பட்ட ஜெர்மன் வீரர்கள் இறந்துவிட்டார்கள். நகரங்களில் பசி. இனி வெல்ல முடியாது, உடனே சண்டை நிறுத்தம் கேளுங்கள் என்று செப்டம்பர் கடைசியில் அரசிடம் சொன்னதே இராணுவத் தலைமைதான். சொன்னவர் தளபதி லூடண்டார்ஃப். இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், மறுபடி வருவார். தோல்வி உறுதியான பிறகும், மானம் காக்கக் கடைசியாக ஒரு சண்டை என்று கடற்படைத் தலைமை கப்பல்களைப் புறப்படச் சொன்னது. மாலுமிகள் மறுத்தார்கள். நவம்பர் முதல் வாரத்தில் கீல் துறைமுகத்தில் தொடங்கிய கலகம் சில நாட்களிலேயே நாடெங்கும் பரவியது. 7ஆம் தேதி மியூனிக்கில் பவேரியா அரசரின் ஆட்சி கவிழ்ந்தது. 9ஆம் தேதி காலை பெர்லின் தொழிற்சாலைகளிலிருந்து ஆட்கள் கூட்டம் கூட்டமாக நகர மையத்தை நோக்கி நடந்தார்கள். அவர்களை அடக்க வரவழைத்த படைப்பிரிவே மக்கள் பக்கம் சேர்ந்துவிட்டது.

பேரரசர் இரண்டாம் வில்ஹெல்ம் பெல்ஜியத்தில் ஸ்பா என்ற ஊரில் இராணுவத் தலைமையகத்தில் இருந்தார். முடி துறக்கலாமா, ஜெர்மனியின் பேரரசர் பதவியை மட்டும் விட்டுவிட்டு பிரஷ்யாவின் அரசராகத் தொடரலாமா என்று அங்கே பேச்சு ஓடிக்கொண்டிருந்தது. பெர்லினில் பிரதமர் பொறுப்பில் இருந்த இளவரசர் மாக்ஸ் அதற்குமேல் காத்திருக்கவில்லை. பேரரசர் முடி துறந்துவிட்டார் என்று நண்பகல் வாக்கில் அவராகவே அறிவித்துவிட்டு, பொறுப்பைச் சமூக ஜனநாயகக் கட்சித் தலைவர் ஃபிரீட்ரிஷ் ஏபர்ட்டிடம் ஒப்படைத்தார். ஏபர்ட் ஒரு சேணத் தொழிலாளி. அவருக்கு முன் அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர்களில் பெரும்பாலோர் பிரபுக்கள்.

மதியம் நாடாளுமன்ற உணவுக்கூடத்தில் ஏபர்ட் ஒரு மேசையில், அதே கட்சியின் ஃபிலிப் ஷைடமன் இன்னொரு மேசையில் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். சாப்பாடு என்றால் தண்ணீராய் ஓடும் சூப். வெளியே பெருங்கூட்டம். தீவிர இடதுசாரியான கார்ல் லீப்க்னெஷ்ட் அரண்மனையிலிருந்து சோவியத் பாணியில் குடியரசை அறிவிக்கப் போகிறார் என்று யாரோ ஓடிவந்து சொல்ல, ஷைடமன் சூப்பை விட்டுவிட்டு எழுந்தார். சன்னலருகே போய்க் கூட்டத்தைப் பார்த்துப் பேசினார். பழையது உளுத்துப்போய் நொறுங்கிவிட்டது, ஜெர்மன் குடியரசு வாழ்க என்பது அந்தப் பேச்சின் சாரம். அப்போது மணி இரண்டு. பேச்சு எழுதி வைக்கப்பட்டதும் இல்லை, பதிவானதும் இல்லை. இன்று நாம் கேட்கிற ஒலிப்பதிவு அவரே 1920ல் மறுபடி பேசிப் பதிந்தது.

திரும்பி வந்தவரைப் பார்த்து ஏபர்ட் மேசையில் குத்தி, குடியரசை அறிவிக்க உனக்கு உரிமை கிடையாது, நாடு எதுவாக இருக்க வேண்டும் என்பதை மக்கள் தேர்ந்தெடுக்கும் சபைதான் முடிவு செய்ய வேண்டும் என்று கத்தியதாக ஷைடமன் தன் நினைவுக் குறிப்புகளில் சொல்கிறார். எனக்கு இரண்டு பேர் மேலும் மரியாதை உண்டு. ஒருவர் மக்கள் காத்திருக்கமாட்டார்கள் என்று உணர்ந்தவர். இன்னொருவர், சரி, ஆனால் முறைப்படி வாக்கெடுத்துத்தான் செய்ய வேண்டும் என்று அந்தக் கொந்தளிப்பிலும் நினைத்தவர்.

சுமார் நான்கு மணிக்கு லீப்க்னெஷ்ட் அரண்மனையில் சுதந்திர சோசலிசக் குடியரசை அறிவித்தார். ஒரே பிற்பகலில், நடந்து போகிற தூரத்துக்குள், இரண்டு குடியரசுகள். மறுநாள் பேரரசர் நெதர்லாந்துக்குத் தப்பினார். 11ஆம் தேதி சண்டை நின்றது.

12ஆம் தேதி நடந்ததை யாரும் அதிகம் பேசுவதில்லை. புதிய இடைக்கால அரசு ஒரே அறிவிப்பில் 20 வயது நிரம்பிய பெண்களுக்கும் ஆண்களுக்கும் சமமாக வாக்குரிமை தந்தது. பத்திரிகைத் தணிக்கையை எடுத்தது. எட்டு மணி நேர வேலைநாள் வரும் என்று சொல்லி, சொன்னபடியே கொண்டுவந்தது. அடுத்த ஜனவரி 19 தேர்தலில் பெண்கள் முதல்முறையாக நாடு முழுதும் வாக்களித்து, 37 பெண்கள் உறுப்பினரானார்கள். பிப்ரவரியில் மரீ யூகாட்ஸ் அந்தச் சபையில் பேசிய முதல் பெண் ஆனார். பெண்கள் இன்று பெற்றிருக்கும் இந்த உரிமைக்கு அரசிடம் நாங்கள் நன்றி சொல்ல வேண்டியதில்லை, அநியாயமாக மறுக்கப்பட்டதைத்தான் அரசு கொடுத்திருக்கிறது என்று அங்கேயே எழுந்து நின்று சொன்னார். இந்தப் பேச்சுக்கெல்லாம் விதை நவம்பர் 9ல் விழுந்தது. எந்த நாடாக இருந்தாலும் இப்படி ஒரு நாளைக் கொண்டாடியிருக்கும்.

ஜெர்மனி கொண்டாடவில்லை. கம்யூனிஸ்டுகளுக்கு அது துரோகத்தின் நாளாகிவிட்டது. 1919 ஜனவரியில் லீப்க்னெஷ்ட்டையும் ரோசா லக்சம்பர்க்கையும் வலதுசாரிப் படையினர் கொன்றபோது ஆட்சியில் இருந்தது ஏபர்ட்டின் கட்சி. அந்த இரத்தத்தை இடதுசாரிகள் மன்னிக்கவில்லை. மன்னிக்கச் சொல்லும் தகுதியும் எனக்கு இல்லை. சமூக ஜனநாயகக் கட்சிக்கோ தன் புரட்சியே ஒரு சங்கடம். குடியரசு தனக்கான நாளாக அரசியலமைப்பு கையெழுத்தான ஆகஸ்ட் 11ஐ வைத்துக்கொண்டது. பிறந்த நாளை விட்டுவிட்டுப் பெயர் பதிவு செய்த நாளைக் கொண்டாடிய வீடு மாதிரி.

விட்டுப்போன நாளை வலதுசாரிகள் எடுத்துக்கொண்டார்கள். இராணுவம் களத்தில் தோற்கவே இல்லை, உள்ளூர்ச் சோசலிஸ்டுகளும் யூதர்களும் முதுகில் குத்தினார்கள் என்ற பொய் பரவியது. பரப்பியவர்களில் முதன்மையானவர் லூடண்டார்ஃப். செப்டம்பரில் சண்டை நிறுத்தம் கேட்டுத் துடித்த அதே ஆள். நவம்பர் புரட்சியில் பங்கெடுத்தவர்களுக்கு ‘நவம்பர் குற்றவாளிகள்’ என்று பட்டம் கிடைத்தது. சண்டை நிறுத்தத்தில் கையெழுத்திட்ட மத்தியாஸ் எர்ட்ஸ்பெர்கரை 1921ல் சுட்டுக் கொன்றார்கள். ஷைடமன்மீது 1922ல் நச்சு அமிலம் வீசினார்கள், எப்படியோ பிழைத்தார்.

1923 நவம்பர் 8 மாலை. பணவீக்கம் உச்சத்தை நோக்கி ஓடிக்கொண்டிருந்தது. அந்த மாதமே ஒரு டாலர் 4.2 லட்சம் கோடி மார்க் ஆயிற்று. மியூனிக்கில் பவேரியாவின் அதிகாரம் கையில் இருந்த குஸ்டாவ் ஃபோன் கார் ஒரு பெரிய பீர் மண்டபத்தில் பேச ஏற்பாடாகியிருந்தது. புரட்சியின் ஐந்தாம் ஆண்டு நிறைவை ஒட்டி, அந்தப் புரட்சியை எதிர்த்துப் பேசத்தான் கூட்டம். அதற்குள் ஹிட்லர் ஆட்களோடு நுழைந்து கூரையை நோக்கிச் சுட்டார். பெர்லினில் இருக்கும் நவம்பர் குற்றவாளிகளின் அரசு கவிழ்க்கப்பட்டது என்று அறிவித்துச் சுவரொட்டிகள் வந்தன. தேதியை அவர்கள் எப்படிப் பார்த்தார்கள் என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டாம்.

மறுநாள் பகல், லூடண்டார்ஃபும் ஹிட்லரும் முன்வரிசையில் நிற்க, சுமார் 2,000 பேர் ஊர்வலமாகப் போனார்கள். ஃபெல்ட்ஹெர்ன்ஹாலே என்ற மண்டபத்துக்கு அருகே மாநிலக் காவலர்கள் மறித்தார்கள். ஒரு நிமிடத்துக்கும் குறைவான துப்பாக்கிச் சூடு. நான்கு காவலர்கள் செத்தார்கள். மறுபக்கம் 16 பேர் என்று நாஜிகள் பின்னாளில் கணக்குச் சொன்னார்கள். அதில் ஒருவர் வேடிக்கை பார்க்க வந்த உணவக ஊழியர். ஹிட்லரோடு கை கோத்து நடந்தவர் குண்டு பட்டு விழுந்ததில் ஹிட்லரும் இழுபட்டுத் தோள் பிசகினார். குடியரசைக் காக்க நின்று செத்த அந்த நான்கு காவலர்களை நாடு வெகுகாலம் நினைக்கவே இல்லை. நீதிமன்றம் ஹிட்லருக்குத் தந்தது ஐந்து ஆண்டு. 1924 முடிவதற்குள் வெளியே வந்துவிட்டார்.

1933ல் ஆட்சிக்கு வந்ததும் இந்தத் தோல்வியைப் புனிதத் திருநாளாக்கினார்கள். ஒவ்வோர் ஆண்டும் 8ஆம் தேதி இரவு அதே பீர் மண்டபத்தில் ஹிட்லரின் பேச்சு, 9ஆம் தேதி அதே தெருக்களில் ஊர்வலம். 1935ல் அந்த 16 பேரின் எச்சங்களைத் தோண்டியெடுத்து, கோயில் மாதிரி கட்டிய இரண்டு மண்டபங்களில் வைத்தார்கள். ஃபெல்ட்ஹெர்ன்ஹாலேயில் நினைவுச் சின்னத்தைக் கடப்பவர்கள் கை உயர்த்தி வணங்கியே ஆக வேண்டும். விரும்பாதவர்கள் பின்னால் இருந்த விஸ்கார்டிகாஸெ என்ற சந்து வழியாகச் சுற்றிப் போனார்கள். இன்று அந்தச் சந்தின் தரைக்கற்களுக்கு நடுவே வெண்கல நிறத்தில் ஒரு வளைந்த கோடு ஓடுகிறது, அப்படி ஒதுங்கிப் போனவர்களின் நினைவாக. வாகனத்தில் போனால் தெரியாது, நடந்துதான் பார்க்க வேண்டும். கை உயர்த்த மாட்டேன் என்று அன்றாடம் சுற்றி நடந்த பெயர் தெரியாத மனிதர்களுக்கு ஓர் ஊர் இப்படி மரியாதை செய்திருப்பது எனக்கு மிகவும் பிடித்தது.

1938. அக்டோபர் கடைசியில் ஜெர்மனியில் வாழ்ந்த போலந்து யூதர்கள் சுமார் 17,000 பேரைப் பிடித்து எல்லையில் கொண்டுபோய்த் தள்ளினார்கள். போலந்தும் அவர்களில் பெரும்பாலோரை உள்ளே விடவில்லை. அப்படித் தள்ளப்பட்ட ஒரு குடும்பத்தின் 17 வயதுப் பையன், பாரிஸில் இருந்த ஹெர்ஷல் கிரின்ஸ்பான், நவம்பர் 7 அன்று அங்கிருந்த ஜெர்மன் தூதரகத்துக்குள் போய் எர்ன்ஸ்ட் ஃபோம் ராத் என்ற அதிகாரியைச் சுட்டான். அதிகாரி இறந்தது 9ஆம் தேதி மாலை.

அந்த நேரத்தில் நாஜிக் கட்சியின் மூத்த தலைகள் எல்லாம் எங்கே இருந்தார்கள்? மியூனிக் பழைய நகர மன்றத்தில், 1923 நினைவு விருந்தில். நாட்டின் ஒவ்வொரு மாவட்டத்திலும் அடியாட்களை ஏவக்கூடிய ஆட்கள் ஒரே கூடத்தில், செத்தவர்களின் நினைவில் சூடேறி உட்கார்ந்திருந்தார்கள். ஹிட்லரோடு பேசிவிட்டுப் பிரச்சார அமைச்சர் கோயபல்ஸ் எழுந்து பேசினார். பத்து மணிக்கு மேல் ஒவ்வொருவராகத் தொலைபேசிக்குப் போனார்கள். அந்தச் சாவு மார்ச்சிலோ ஜூலையிலோ நடந்திருந்தாலும் பழிவாங்கியிருப்பார்கள்தான். ஆனால் அத்தனை வேகமாக, ஒரே இரவில், நாடு முழுக்க நடந்ததற்கு அந்த விருந்து பெரிய காரணம். தேதிக்கும் நெருப்புக்கும் உள்ள தொடர்பு இதுதான்.

1,400க்கும் மேற்பட்ட வழிபாட்டுக்கூடங்களும் தொழுகை அறைகளும் அழிந்தன. சுமார் 7,500 கடைகளை உடைத்தார்கள். சுமார் 30,000 யூத ஆண்களை டாஹௌ, புகன்வால்ட், ஸாக்ஸன்ஹௌசன் வதை முகாம்களுக்குக் கொண்டுபோனார்கள். அரசு ஒப்புக்கொண்ட சாவு 91. முகாம்களில் இறந்தவர்களையும் தற்கொலை செய்துகொண்டவர்களையும் சேர்த்தால் பல நூறு. தீயணைப்புப் படைக்கு வந்த கட்டளை பக்கத்துக் கட்டடங்களுக்குத் தீ பரவாமல் மட்டும் பார்த்துக்கொள்ள வேண்டும் என்பது. கடைசியில் யூதர்கள் மீதே நூறு கோடி மார்க் அபராதம் போட்டு, அவர்களுக்கு வரவேண்டிய காப்பீட்டுப் பணத்தையும் அரசே எடுத்துக்கொண்டது. பெர்லின் ஒரானியன்பர்கர் தெருவில் உள்ள பெரிய வழிபாட்டுக்கூடம் அன்று முழுதாய் எரியாமல் தப்பியது. அந்தப் பகுதிக் காவல் நிலையத்தின் பொறுப்பாளர் வில்ஹெல்ம் க்ரூட்ஸ்ஃபெல்டும் அவருடைய காவலர்களும், அது பாதுகாக்கப்பட்ட பழங்காலக் கட்டடம் என்று சொல்லி எரிக்க வந்தவர்களை விரட்டித் தீயணைப்பு வண்டியை வரவழைத்தார்கள். சட்டம் கையில் இருக்கிற சாதாரண அதிகாரி அன்றைக்கும் எதையாவது செய்ய முடிந்தது என்பதற்கு அதன் தங்க முலாம் பூசிய குவிமாடம் சாட்சி. (கட்டடம் பிறகு போரில் குண்டு விழுந்து சிதைந்தது. இன்று நிற்பது அதன் முன்பகுதியைச் சீரமைத்தது.)

அடுத்த ஆண்டு இதே திருநாள் ஹிட்லரையே கொன்றிருக்கும். கியோர்க் எல்ஸர் என்ற தச்சர், வருஷம் தவறாமல் நவம்பர் 8 இரவு ஹிட்லர் அந்த பீர் மண்டபத்துக்கு வருவார் என்பதை வைத்தே திட்டம் போட்டார். இரவு இரவாக மண்டபத்தில் ஒளிந்திருந்து, மேடைக்குப் பின்னால் இருந்த தூணைக் குடைந்து வெடிகுண்டு வைத்தார். 1939 நவம்பர் 8 இரவு 9.20க்கு அது வெடித்தது. மூடுபனியால் விமானம் பறக்காது, ரயிலைப் பிடிக்க வேண்டும் என்று ஹிட்லர் 13 நிமிடம் முன்னால்தான் கிளம்பியிருந்தார். எட்டுப் பேர் இறந்தார்கள். எல்ஸரை 1945 ஏப்ரலில், போர் முடிய ஒரு மாதம் இருக்கையில், டாஹௌவில் கொன்றார்கள். ஷைடமன் 1933லேயே நாட்டை விட்டு ஓட வேண்டியிருந்தது. நாஜிகள் குடியுரிமையைப் பறித்த முதல் பட்டியலில் அவர் பெயர் உண்டு. எல்ஸரின் குண்டு வெடித்த அதே மாதம் கோபன்ஹேகனில் இறந்தார். குடியரசை அறிவித்தவர், நாடற்றவராக.

போருக்குப் பிறகும் இந்தத் தேதியைச் சிலர் தேடி வந்தார்கள். 1969 நவம்பர் 9ல் மேற்கு பெர்லின் யூத சமூகக் கூடத்தில், 1938க்கான நினைவுக் கூட்டம் நடந்துகொண்டிருக்கையில், தீவிர இடதுசாரிக் குழு ஒன்று குண்டு வைத்தது. அது வெடிக்கவில்லை. மறுநாள் துப்புரவுப் பணியாளர் ஒருவர் கண்ணில் பட்டது. தங்களைப் பாசிச எதிர்ப்பாளர்கள் என்று சொல்லிக்கொண்டவர்கள் வேண்டுமென்றே அந்த நாளில் அந்த இடத்தைத் தேர்ந்தெடுத்ததை என்னால் இன்றும் ஜீரணிக்க முடியவில்லை.

அப்புறம் 1989. இது எல்லோருக்கும் தெரிந்த கதை, அதனால் தேதி எப்படி அமைந்தது என்பதை மட்டும் பார்ப்போம். அன்று மாலை ஏழு மணி நெருங்கும்போது கிழக்கு ஜெர்மனியின் ஆளுங்கட்சிப் பேச்சாளர் கியூன்டர் ஷபோவ்ஸ்கி செய்தியாளர் கூட்டத்தில் ஒரு தாளை வாசித்தார். வெளிநாடு செல்ல இனி தடையில்லை என்ற புதிய விதி. எப்போதிலிருந்து என்று கேட்டார்கள். தாளைப் புரட்டிவிட்டு, தனக்குத் தெரிந்தவரை உடனடியாக, தாமதமின்றி என்றார். உண்மையில் அந்தச் செய்தி 10ஆம் தேதி அதிகாலை நான்கு மணிக்கு வெளியாக வேண்டியது. காலையில் அலுவலகத்துக்கு வந்து வரிசையில் நின்று விண்ணப்பிக்க வேண்டும் என்பது திட்டம். அவர் தாளை முழுதாகப் பார்த்திருந்தால் இன்று நாம் நவம்பர் 10ஐப் பற்றிப் பேசிக்கொண்டிருப்போம். தொலைக்காட்சி பார்த்த மக்கள் சோதனைச் சாவடிகளுக்கு வந்து குவிந்தார்கள். போர்ன்ஹோல்மர் தெருச் சாவடியில் பொறுப்பில் இருந்த ஹரால்ட் யேகர் மேலிடத்துக்குத் திரும்பத் திரும்பப் போன் செய்தும் தெளிவான பதில் கிடைக்காமல், இரவு பதினொன்றரை வாக்கில் தடுப்பைத் தூக்கச் சொன்னார். அந்த ஆண்டு பிப்ரவரியில்தான் அதே சுவரைத் தாண்ட முயன்ற 20 வயது கிறிஸ் குவெஃப்ராயைச் சுட்டுக் கொன்றிருந்தார்கள்.

தேதிதான் தற்செயல், அந்த இரவு தானாக வந்ததில்லை. அதற்கு ஒரு மாதம் முன்பு, அக்டோபர் 9 அன்று, சீனாவில் ஜூனில் போராட்டக்காரர்களைச் சுட்டது போல இங்கேயும் சுடுவார்கள் என்ற பயத்தோடுதான் லைப்ஸிக் நகரில் சுமார் 70,000 பேர் தெருவில் நடந்தார்கள். சுடவில்லை. நவம்பர் 9க்கு உயிர் கொடுத்தவர்கள் அவர்கள்.

அந்தச் சுவரோடு நம்மவர்களுக்கும் ஓர் உறவு உண்டு. எண்பதுகளின் முதல் பாதியில் இலங்கைத் தமிழர் ஆயிரக்கணக்கில் கிழக்கு பெர்லினின் ஷோனஃபெல்ட் விமான நிலையத்தில் இறங்கி, ஃபிரீட்ரிஷ்ஷ்ட்ராசெ நிலையம் வழியாக மேற்கு பெர்லினுக்குள் வந்தார்கள். நகரத்தின் நடுவே போகும் கோட்டை நாட்டெல்லையாக மேற்குத் தரப்பு ஏற்காததால் அந்தப் பக்கம் முறையான கடவுச்சீட்டுச் சோதனை இல்லை. 1985ல் கிழக்கு ஜெர்மனி தமிழர்களுக்கு இந்த வழியை அடைத்தது. அதற்கு முந்தைய ஆண்டு அப்படி வந்த யாழ்ப்பாணத்து அண்ணை ஒருவர் எனக்குப் பழக்கம். 89 இரவைப் பற்றிக் கேட்டபோது சொன்னார்: “நாங்கள் கடந்து வந்த அந்த வாசலாலை அங்கால இருந்த சனம் வர ஏலாது எண்டு எனக்கு அப்ப விளங்கேல்ல தம்பி. ரீவியில அழுது அழுது வாற சனத்தைப் பாத்தாப் பிறகுதான் விளங்கினது.” சொந்த நாட்டு மக்களை அடைத்து வைத்திருந்த சுவரில் அகதிக்கு ஒரு கதவு திறந்திருந்ததை அவர் சொன்ன விதத்தில் வேறு யாரும் எனக்குச் சொன்னதில்லை.

இரு ஜெர்மனிகளும் இணைந்தபோது நவம்பர் 9ஐத் தேசிய விடுமுறையாக்கலாமா என்ற பேச்சு எழுந்தது. 1938 நடந்த நாளில் வாணவேடிக்கை விட முடியாது என்றார்கள். சரியான காரணம். அதற்குப் பதில் இணைப்பு நடைமுறைக்கு வந்த அக்டோபர் 3 விடுமுறையானது. அது மக்கள் எதுவும் செய்த நாளில்லை. இணைப்புப் பேச்சுவார்த்தையின் முடிவை ஐரோப்பிய வெளியுறவு அமைச்சர்களிடம் முறைப்படி தெரிவித்த பிறகு கிடைத்த முதல் வசதியான நாள், அவ்வளவுதான். கிழக்கு ஜெர்மனி பிறந்த நாளான அக்டோபர் 7க்கு இன்னொரு ஆண்டு விழா வந்துவிடக்கூடாது என்ற அவசரமும் இருந்தது.

விடுமுறை வேண்டாம் என்பதே என் கருத்தும். ஆனால் கொண்டாடாமல் இருப்பது வேறு, சொல்லாமல் இருப்பது வேறு. 1938ஐப் பற்றி மட்டும் பள்ளியில் சொன்னால், இந்த நாட்டில் நாஜிகளுக்கு முன்னால் பெண்களுக்கு வாக்குரிமை தந்த, எட்டு மணி நேர வேலைநாள் தந்த ஒரு குடியரசு இருந்தது, அதை அழிக்கத்தான் அவர்கள் முதலில் கிளம்பினார்கள் என்பது பிள்ளைகளுக்குத் தெரியாமலே போய்விடும். 1989ஐ மட்டும் காட்டினால், மக்களாட்சி மேற்கிலிருந்து வந்த பரிசு என்று ஆகிவிடும். 2018ல், நூற்றாண்டு நிறைவன்று, அதிபர் ஃபிராங்க்-வால்டர் ஷ்டைன்மயர் நாடாளுமன்றத்தில் பேசும்போது நவம்பர் புரட்சியை ஜெர்மன் மக்களாட்சி வரலாற்றின் மாற்றாந்தாய்ப் பிள்ளை என்று சொன்னார். 2021ல் தன் மாளிகையில் 1918, 1938, 1989 மூன்றையும் ஒன்றாக நினைவுகூர ஒரு நிகழ்ச்சி நடத்தினார். 1938ல் 17 வயதாக இருந்து, முகாமிலிருந்து உயிர் தப்பிய மார்கோட் ஃப்ரீட்லெண்டர் அதில் பேசினார். அவருக்கு அப்போது 100 வயது. மூன்றையும் சேர்த்து வைத்தால்தான் ஒவ்வொன்றும் விளங்கும் என்று நான் நம்புகிறேன்.

பெர்லின் வருகிறவர்கள் சுவரைப் பார்ப்பார்கள், பிராண்டன்பர்க் வாசலைப் பார்ப்பார்கள். நான் கூட்டிப்போவது ஃபிரீட்ரிஷ்ஸ்ஹைன் பூங்காவில் உள்ள ஒரு சிறிய கல்லறைத் தோட்டத்துக்கு. 1848 மார்ச்சில் பெர்லின் தடுப்பரண்களில் செத்தவர்களை அங்கே புதைத்தார்கள். 1918 நவம்பரில் செத்தவர்களையும் அங்கேயே கொண்டுவந்து புதைத்தார்கள். 1848க்கும் 1918க்கும் நவம்பர் 9 என்ற தேதி ஒத்துப்போனது தற்செயல் என்றாலும் இந்த இடம் தற்செயல் இல்லை. நாங்கள் இவர்களின் வழி வந்தவர்கள் என்று அன்றைய மக்கள் தெரிந்தே எடுத்த முடிவு அது. பழைய கற்களில் பலவற்றில் செத்தவரின் தொழிலும் இருக்கும்: தச்சர், தையல்காரர், கூலி வேலைக்காரர். வாசலில் துப்பாக்கியோடு ஒரு மாலுமியின் வெண்கலச் சிலை நிற்கிறது. நவம்பரில் நல்ல குளிர் இருக்கும், அதனால் மேலங்கி மறக்காமல் கொண்டுவாருங்கள். யாராவது அந்தப் பக்கம் வருவதாக இருந்தால் எழுதுங்கள், கூடவே வருகிறேன்.